வாயிலில் நின்ற வழக்குகள்: சிங்கப்பூரில் அரசமைப்பு மனுக்களும் பிடோக் வாக்காளரும்

முன்னுரை

சிங்கப்பூரின் கிழக்குக் கரையை ஒட்டி அமைந்த பிடோக் வட்டாரத்தில் சாய் சீ என்னும் குடியிருப்புப் பகுதி உள்ளது. அப்பகுதியை உள்ளடக்கிய கெம்பாங்கான் - சாய் சீ பிரிவைக் கவனித்து வந்தவர், மரின் பரேட் குழுத்தொகுதியின் ஐந்து உறுப்பினர்களுள் ஒருவரும் அந்நாளைய நாடாளுமன்ற நாயகருமான டான் சுவான் ஜின் ஆவார். 2023 ஜூலையில் அவர் பதவி விலகினார். இடைத்தேர்தல் நடத்தப்படவில்லை. 2025 மே 3ஆம் நாள் பொதுத்தேர்தல் வரும்வரை, ஏறத்தாழ 22 மாதங்கள், எஞ்சிய உறுப்பினர்களே அப்பிரிவின் பணிகளையும் பகிர்ந்து செய்தனர்.

இச்சூழலில் பிடோக் வாக்காளர் ஒருவர், தமக்கு வேறோர் உறுப்பினரைத் தேர்ந்தெடுக்கும் உரிமை உண்டென்று நீதிமன்றத்தை நாடியிருக்க இயலுமா என்னும் வினா இயல்பாகவே எழுகின்றது. இயலாது என்பதே சட்டத்தின் விடை. ஆயின் அவ்விடை ஒரே நாளில் எழுதப்பட்டதன்று. 1965 முதல் 2019 வரை நாடாளுமன்றத்திலும் நீதிமன்றத்திலும் படிப்படியாக உருவானது. அவ்வரலாற்றில் தமிழர் சிலரும் முதன்மையான இடம் பெறுகின்றனர். அரசமைப்பு மனுக்களுக்கு விதிக்கப்பட்டுள்ள நடைமுறை வரையறைகள் எவ்வாறு உருப்பெற்றன, அவை யாரை உள்ளே விட்டன, யாரை வாயிலிலேயே நிறுத்தின என்பதை இக்கட்டுரையில் ஆராய முற்படுகின்றோம்.

வாயிற்படிகள்

அரசின் செயலை எதிர்த்து நீதிமன்றம் செல்வோர் நேரடியாக வழக்குரைக்க இயலாது. முதலில் நீதிமன்றத்தின் முன்னனுமதியைப் பெறவேண்டும். சிங்கப்பூரில் நெடுங்காலம் இதனை நெறிப்படுத்தியது நீதிமன்ற விதிகளின் 53ஆம் கட்டளை. 2022 ஏப்ரல் முதல் நடப்பிலுள்ள புதிய விதிகளில் இது 24ஆம் கட்டளையாக இடம்பெற்றுள்ளது. முன்னனுமதி வேண்டுவோர் மூன்றினைக் காட்டவேண்டும். எதிர்க்கப்படும் செயல் நீதிமன்ற ஆய்வுக்கு உட்படத்தக்கதாக இருத்தல் வேண்டும். மனுதாரருக்கு அப்பொருளில் போதிய தொடர்பு இருத்தல் வேண்டும். மேலோட்டமாகப் பார்க்கும்போதே வாதிடத்தக்க வழக்கு உள்ளதெனத் தோன்றுதல் வேண்டும்.

இம்மூன்றனுள் இரண்டாவதையே வழக்கிடு தகுதி என்கிறோம். 'இவ்வழக்கைத் தொடுக்க நீர் யார்?' என்பதே அதன் சாரம். இதனோடு காலவரையறையும் சேர்கின்றது. ஓர் ஆணையைத் தள்ளுபடி செய்யுமாறு கோருவோர் மூன்று மாதங்களுக்குள் வரவேண்டும் என்பது பழைய விதி. தாமதித்து வருவோர் காரணம் சொல்லியாக வேண்டும்.

இவ்வரையறைகளுக்கு நியாயம் இல்லாமல் இல்லை. எவரும் எதனையும் எதிர்த்து எப்போதும் வழக்கிடலாம் என்றால் ஆட்சி நடவாது. அரசியல் மேடையில் பேசவேண்டியதை நீதிமன்றத்தில் பேசுவோரும் வருவர். எனினும், நடைமுறை விதி என்பது வெறும் நிருவாக ஒழுங்கன்று. ஓர் உரிமை ஏட்டில் இருந்தும் அதனைக் கேட்பதற்கு உரியவர் எவரும் இல்லையெனில் அவ்வுரிமையின் நிலை என்ன என்பதை அவ்விதியே தீர்மானிக்கின்றது.

ஆன்சன்: நீக்கப்பட்ட மூன்று மாதங்கள்

மலேசியாவுடன் இணைந்திருந்த காலத்துச் சிங்கப்பூரின் 1963ஆம் ஆண்டு அரசமைப்பில், காலியான தொகுதி மூன்று மாதங்களுக்குள் தேர்தலால் நிரப்பப்படவேண்டும் என்ற வரையறை இருந்தது. தனிநாடான பின்னர், 1965 டிசம்பரில் நிறைவேறிய திருத்தம் அக்காலக்கெடுவை நீக்கியது. காலியிடம் தேர்தலால் நிரப்பப்படும் என்ற வாசகம் மட்டும் எஞ்சியது. இன்று அரசமைப்பின் 49ஆம் உறுப்பில் உள்ளது அவ்வாசகமே.

கெடு இல்லாமற்போனதன் விளைவு 1986இல் தெளிவாகத் தெரிந்தது. யாழ்ப்பாணத்துச் சங்கானையில் பிறந்த ஜே. பி. ஜெயரத்தினம் 1981 அக்டோபர் 31இல் நடந்த இடைத்தேர்தலில் ஆன்சன் தொகுதியை வென்று நாடாளுமன்றம் சென்றவர். 1986 நவம்பரில் அவருக்கு விதிக்கப்பட்ட தண்டத்தொகை, உறுப்பினர் பதவிக்கான வரம்பைக் கடந்ததால் அவர் இடத்தை இழந்தார். 1988 செப்டம்பர் 3ஆம் நாள் பொதுத்தேர்தல் வரை, ஏறத்தாழ 22 மாதங்கள், ஆன்சன் காலியாகவே இருந்தது. பின்னர் அத்தொகுதியே வரைபடத்திலிருந்து மறைந்தது.

ஜெயரத்தினத்தின் வழக்கு இன்னொரு நடைமுறை வரையறையையும் காட்டுகின்றது. வழக்குரைஞர் பட்டியலிலிருந்து தம்மை நீக்கியதை எதிர்த்து அவர் இலண்டன் பிரிவி கவுன்சிலுக்குச் சென்றார். 1988 அக்டோபரில் பிரிவி கவுன்சில் அவரை மீண்டும் பட்டியலில் சேர்த்தது. அவர்மீதான குற்றத்தீர்ப்புகளையும் கடுமையாகக் குறைகூறியது. ஆயின் குற்றத்தீர்ப்புகளை எதிர்த்து அங்கு மேல்முறையீடு செல்லும் வழி அவருக்கு இருக்கவில்லை. ஆதலால் அத்தீர்ப்புகள் நிலைத்தன. இழந்த இடமும் மீளவில்லை. ஒரே செய்தியைப் பற்றி ஒரு கதவு திறந்தும் மற்றொன்று மூடியும் இருந்தமையால், நீதிமன்றத்தின் கருத்து அவர் பக்கம் இருந்தும் பயன் கிட்டவில்லை.

பிடோக் உறுப்பினரும் 1989 திருத்தமும்

குழுத்தொகுதி முறை 1988 பொதுத்தேர்தலில் முதன்முதலாக நடைமுறைக்கு வந்தது. சிறுபான்மையினர் நாடாளுமன்றத்தில் தவறாது இடம்பெறவேண்டும் என்பது அதற்குச் சொல்லப்பட்ட காரணம். அந்த முதற்குழுத்தொகுதிகளுள் பிடோக்கும் ஒன்று. 1980 முதல் பிடோக்கின் உறுப்பினராக இருந்த எஸ். ஜெயக்குமார் அக்குழுவில் இடம்பெற்று வென்றார். பல்கலைக்கழகச் சட்டத்துறையின் தலைவராக விளங்கி அரசியலுக்கு வந்த அவர், 1988இல் சட்ட அமைச்சரானார்.

அவ்வாண்டு டிசம்பர் 8ஆம் நாள் சிங் சுவான் ட்சே வழக்கில் தீர்ப்பு வந்தது. 1987இல் உள்நாட்டுப் பாதுகாப்புச் சட்டத்தின்கீழ்ப் பிடிக்கப்பட்டோருள் நால்வர் தொடுத்த வழக்கு அது. வோங் சூக் யீ என்பவர் அந்நால்வருள் ஒருவர். அவர் பெயரைப் பின்னரும் சந்திப்போம். தடுப்புக்காவலுக்குரிய சான்று முறைப்படி காட்டப்படவில்லை என்ற குறுகிய காரணத்தால் மேல்முறையீட்டு நீதிமன்றம் அவர்களை விடுவிக்க ஆணையிட்டது. அத்துடன் நில்லாமல், சட்டவரம்பு அற்ற அதிகாரம் எதுவும் இல்லை என்றும், காவலுக்குரிய காரணங்களை நீதிமன்றம் புறநிலையில் ஆராயலாம் என்றும் விரிவாக உரைத்தது. விடுவிக்கப்பட்டோர் உடனே புதிய ஆணைகளின்கீழ் மீண்டும் பிடிக்கப்பட்டனர்.

ஏழு வாரங்களுக்குள், 1989 ஜனவரியில், அரசமைப்பும் உள்நாட்டுப் பாதுகாப்புச் சட்டமும் திருத்தப்பட்டன. திருத்த முன்வரைவுகளை நாடாளுமன்றத்தில் முன்மொழிந்தவர் சட்ட அமைச்சர் ஜெயக்குமார். தடுப்புக்காவல் தொடர்பான நீதிமன்ற ஆய்வு 1971 ஜூலை 13ஆம் நாளன்று இருந்த சட்டநிலைக்கே திரும்பவேண்டும் என்றும், நடைமுறைத் தேவைகள் பின்பற்றப்பட்டனவா என்பதை மட்டுமே நீதிமன்றம் பார்க்கலாம் என்றும் புதிய பிரிவுகள் கூறின. இத்தகைய வழக்குகளில் பிரிவி கவுன்சிலுக்குச் செல்லும் வழியும் அடைக்கப்பட்டது. நாட்டின் பாதுகாப்பு பற்றிய முடிவு அதற்குப் பொறுப்பேற்கும் அரசிடமே இருக்கவேண்டும் என்பது அரசின் வாதம். அவ்வாதத்தின் தகுதியை அளப்பது இக்கட்டுரையின் நோக்கமன்று. நீதிமன்றம் அகலத் திறந்த வாயிலை நாடாளுமன்றம் சட்டத்தாலேயே சுருக்க இயலும் என்பதற்கு இத்திருத்தம் முன்மாதிரியாயிற்று என்பதையே சுட்ட விரும்புகிறோம்.

வெள்ளம்மா வழக்கு

பிடோக்கின் வடமேற்கு எல்லையை அடுத்தது ஹவ்காங். 2012இல் அது ஒரே உறுப்பினரைக் கொண்ட தனித்தொகுதி. பாட்டாளிக் கட்சியின் உறுப்பினர் யோ ஷின் லியோங் கட்சியிலிருந்து நீக்கப்பட்டதால், பிப்ரவரி 14 முதல் அவ்விடம் காலியானது. மார்ச் 2ஆம் நாள், அத்தொகுதிவாசியும் துப்புரவுப் பணியாளருமான வெள்ளம்மா மாரிமுத்து உயர்நீதிமன்றத்தில் முன்னனுமதி கோரி மனு அளித்தார். வழக்குரைஞர் எம். ரவி அவருக்காக முன்னின்றார்.

அவர் கேட்டவை இரண்டு. மூன்று மாதங்களுக்குள்ளோ நியாயமான காலத்துக்குள்ளோ இடைத்தேர்தல் நடத்தப் பிரதமருக்குக் கட்டளையிடவேண்டும் என்பது ஒன்று. இடைத்தேர்தலை நடத்துவதா, எப்போது நடத்துவது என்பதில் பிரதமருக்குக் கட்டற்ற உரிமை இல்லையென விளம்பவேண்டும் என்பது மற்றொன்று. 1965இல் நீக்கப்பட்ட மூன்று மாதங்கள் நாற்பத்தேழு ஆண்டுகளுக்குப் பின் ஒரு குடிமகளின் மனுவில் திரும்பி வந்தன எனலாம்.

ஏப்ரல் 3ஆம் நாள் நீதிபதி பிலிப் பிள்ளை முன்னனுமதி வழங்கினார். அதனை எதிர்த்துத் தலைமைச் சட்ட அதிகாரி செய்த மேல்முறையீடு பின்னர் மீட்டுக்கொள்ளப்பட்டது. இதற்கிடையே மே 26ஆம் நாள் இடைத்தேர்தல் நடந்தேறியது. கட்டளை கோருவதற்கான தேவை அத்துடன் தீர்ந்தது; விளம்புகைக் கோரிக்கை மட்டும் எஞ்சியது. ஆகஸ்ட் 1ஆம் நாள் உயர்நீதிமன்றம் அதனையும் தள்ளுபடி செய்தது. அரசமைப்பு இடைத்தேர்தலைக் கட்டாயமாக்கவில்லை என்பது நீதிபதியின் முடிவு. ஆயினும் இது பொதுநலம் சார்ந்த வினா என்பதால் செலவுத்தொகையை மனுதாரர்மீது சுமத்த அவர் மறுத்தார். துப்புரவுப் பணியாளர் ஒருவருக்கு இது சிறிய செய்தியன்று. செலவு பற்றிய அச்சமும் நீதிமன்ற வாயிலின் ஒரு படிதான்.

2013 ஜூலை 5ஆம் நாள், தலைமை நீதிபதி சுந்தரேஷ் மேனன், நீதிபதிகள் சாவ் ஹிக் டின், வி. கே. ராஜா ஆகியோர் அடங்கிய மேல்முறையீட்டு நீதிமன்றம் தீர்ப்பளித்தது. மனு தொடுக்கப்பட்டபோது வெள்ளம்மாவுக்கு வழக்கிடு தகுதி இருந்தது. அவர் உறுப்பினரற்ற தொகுதியின் வாக்காளர். தேர்தல் முடிந்த பின்னரோ அவர் நிலை ஏனைய குடிமக்களின் நிலையே ஆயிற்று. பொது உரிமை ஒன்றை நிலைநாட்ட வருபவர் தமக்கெனத் தனித்த பாதிப்பைக் காட்டவேண்டும். அவரால் அதனைக் காட்ட இயலாது. ஆகவே மேல்முறையீடு தள்ளுபடி செய்யப்பட்டது.

ஆயினும் நீதிமன்றம் வினாவை விடையின்றி விடவில்லை. 49ஆம் உறுப்பின்படி காலியிடத்தை நிரப்பும் கடமை பிரதமருக்கு உண்டு. காலத்தைத் தேர்வதில் அவருக்குப் பரந்த உரிமை இருப்பினும் அது கட்டற்றதன்று. விரைவில் பொதுத்தேர்தல் நடத்தும் எண்ணம் இருந்தாலன்றி, நியாயமான காலத்துக்குள் இடைத்தேர்தல் நடத்தப்படவேண்டும் என்று விளக்கிற்று. உயர்நீதிமன்றத்தின் கருத்து இவ்வாறு மாற்றப்பட்டது. வெள்ளம்மா வழக்கில் தோற்றார். அவர் கேட்ட வினாவுக்கோ பெரிதும் அவர் விரும்பிய விடையே கிடைத்தது.

சிங் சுவான் ட்சே வழக்கோடு இதனை ஒப்பிட்டு நோக்குதல் தகும். இரண்டிலும் வழக்கு முடிந்தது நடைமுறைக் காரணத்தால். நாட்டுக்குப் பயன்தரும் சட்டவிளக்கமோ தீர்ப்பின் ஊடே வந்தது. அத்தகைய விளக்கத்துக்கு மதிப்பு உண்டு, ஆனால் அதனைக் கையிலேந்தி வெளியே வரும் மனுதாரர் எவரும் இல்லை. மேலும், அரசு நினைத்தால் வழக்கு நடக்கும்போதே தேர்தலை அறிவித்து மனுதாரரின் தகுதியை நீக்கிவிட முடியும் என்பதும் இதனால் புலப்பட்டது. ஹவ்காங்கில் தேர்தலை அறிவித்தது அந்நோக்கத்தால் என்று கூற நம்மிடம் சான்றில்லை. வழக்கிடு தகுதி பற்றிய விதி அதற்கு இடந்தருகின்றது என்பதே நம் கருத்து.

அதே ஆண்டில் இவ்விதி மேலும் இறுக்கமாகக் கூறப்பட்டது. பன்னாட்டு நிதியத்துக்கு 400 கோடி அமெரிக்க டாலர் கடன்வழங்க அரசு அளித்த உறுதியை எதிர்த்து, ஜே. பி. ஜெயரத்தினத்தின் மகன் கென்னத் ஜெயரத்தினம் வழக்கிட்டார். அவருக்குத் தனித்த பாதிப்பு இல்லை என்று மேல்முறையீட்டு நீதிமன்றம் தள்ளுபடி செய்தது. பொதுக்கடமை மிகக் கடுமையாக மீறப்பட்ட அரிய நேர்வுகளில் மட்டும் விதிவிலக்கு இருக்கலாம் என்றது.

குழுத்தொகுதியின் வாக்காளர்

வெள்ளம்மா வழக்கின் விளக்கம் தனித்தொகுதிக்கு உரியது. குழுத்தொகுதியில் ஓர் உறுப்பினர் மட்டும் விலகினால் என்னாகும்? 2017 ஆகஸ்ட்டில் ஹலிமா யாக்கோப் அதிபர் தேர்தலில் நிற்பதற்காக மார்சிலிங் - இயூ டீ குழுத்தொகுதியிலிருந்து விலகியபோது இவ்வினா எழுந்தது. நீதிமன்றத்தை நாடியவர் அத்தொகுதிவாசியான வோங் சூக் யீ. 1988இல் தம் விடுதலை கேட்டு நின்றவரே முப்பதாண்டுகளுக்குப் பின் வாக்காளராக மீண்டும் அதே வாயிலுக்கு வந்தார். குழுத்தொகுதியின் உறுப்பினர் அனைவரும் விலகினாலன்றி இடைத்தேர்தல் தேவையில்லை என்று 2019 ஏப்ரலில் மேல்முறையீட்டு நீதிமன்றம் தீர்த்தது.

இத்தீர்ப்பின் பின்னர், 2023 ஜூலையில் தர்மன் சண்முகரத்னம் அதிபர் தேர்தலுக்காக ஜூரோங் குழுத்தொகுதியிலிருந்து விலகியபோதும், அதே மாதத்தில் சாய் சீ பிரிவு உறுப்பினரை இழந்தபோதும், வாக்காளர் கேட்பதற்கு எதுவும் எஞ்சியிருக்கவில்லை. ஆன்சன் காலியாகக் கிடந்ததும் ஏறத்தாழ 22 மாதங்கள். சாய் சீ காத்திருந்ததும் ஏறத்தாழ அவ்வளவே. ஆன்சனில் உறுப்பினரே இல்லை, சாய் சீயில் எஞ்சிய நால்வர் இருந்தனர் என்ற வேறுபாட்டை மறுக்கவியலாது. ஆயினும் ஹவ்காங் துப்புரவுப் பணியாளருக்கு ஒரு காலம் திறந்திருந்த வாயில், அண்டையிலுள்ள பிடோக் வாக்காளருக்குத் தொகுதியின் வகையாலேயே அடைபட்டது. பிடோக் வட்டாரம் இன்று பல குழுத்தொகுதிகளுக்கிடையே பகிரப்பட்டுள்ளது.

ஒப்புநோக்கு

அண்டை நாடுகளில் இவ்வினாவுக்குச் சட்டமே கெடு வைத்துள்ளது. மலேசியக் கூட்டரசு அரசமைப்பின் 54ஆம் உறுப்பு, தற்செயலாக ஏற்படும் காலியிடத்தை அறுபது நாள்களுக்குள் நிரப்பவேண்டும் என்கிறது. பதவிக்காலம் முடியும் தறுவாயில் விலக்கு உண்டு. இந்தியாவில் 1996இல் மக்கள் பிரதிநிதித்துவச் சட்டத்தில் சேர்க்கப்பட்ட 151-அ பிரிவு ஆறு மாதக் கெடுவை விதித்தது. கெடு எழுதப்பட்டுள்ள இடத்தில் வாக்காளர் நீதிமன்றம் செல்லவேண்டிய தேவை பெரிதும் குறைகின்றது.

வழக்கிடு தகுதியிலும் நாடுகள் வேறுபட்டுச் சென்றுள்ளன. இந்திய உச்சநீதிமன்றம் 1981இல் எஸ். பி. குப்தா வழக்கில், ஏழ்மையாலும் இயலாமையாலும் நீதிமன்றம் வரமுடியாதவர்க்காக நல்லெண்ணம் உடைய எவரும் வரலாம் என்று வாயிலை அகலத் திறந்தது. அதனால் விளைந்த மிகுதியைக் கண்டு, 2010இல் பொதுநல வழக்குகளுக்கு அதே நீதிமன்றம் நெறிமுறைகள் வகுக்க நேர்ந்தது. மலேசியாவில் 1988ஆம் ஆண்டு லிம் கிட் சியாங் வழக்கு மூன்றுக்கு இரண்டு என்ற பெரும்பான்மையில் வாயிலைக் குறுக்கியது. 2014இல் மலேசியத் தொழிற்சங்கக் காங்கிரசின் வழக்கில் கூட்டரசு நீதிமன்றம் அதனைத் தளர்த்தியது. ஆகவே வழக்கிடு தகுதி என்பது மாறாத சட்டத் தத்துவமன்று. ஒவ்வொரு நாடும் தன் நீதிமன்றத்திடம் எதனை எதிர்பார்க்கின்றது என்பதையே அது காட்டுகின்றது.

அண்மைக்கால வரையறை

சிங்கப்பூரில் இப்போக்கின் அண்மைய கட்டம், மரண தண்டனை வழக்குகளில் மேல்முறையீட்டுக்குப் பிந்தைய விண்ணப்பங்களைப் பற்றி 2022 நவம்பரில் நிறைவேறிய சட்டமாகும். மேல்முறையீடு முடிந்த பின் மரண தண்டனைக் கைதி செய்யும் இத்தகைய விண்ணப்பத்துக்கு மேல்முறையீட்டு நீதிமன்றத்தின் அனுமதி வேண்டும். புதிய சான்று உண்டா, தாமதம் ஏன், வெல்லும் வாய்ப்பு உண்டா என்பன ஆராயப்படும். தண்டனை நாள் நெருங்கும்போது ஒன்றன்பின் ஒன்றாக மனுக்கள் வருவதைத் தடுப்பது அரசு கூறிய நோக்கம். 36 கைதிகள் இச்சட்டத்தை எதிர்த்து வழக்கிட்டனர். சட்டம் இன்னும் நடைமுறைக்கு வராததால் அவர்களுடைய உரிமை எதுவும் பாதிக்கப்படவில்லை, ஆதலால் வழக்கிடும் தகுதி இல்லை என்பது தள்ளுபடிக்கான காரணங்களுள் ஒன்று. 2024 மார்ச்சில் மேல்முறையீடும் தோற்றது. ஜூன் 28இல் சட்டம் நடைமுறைக்கு வந்தது. வெள்ளம்மா காலம் கடந்ததால் தகுதி இழந்தார். இவர்களோ காலம் வருமுன் வந்ததால் தகுதி பெறவில்லை.

முடிவுரை

மேற்கண்டவற்றைத் தொகுத்து நோக்கின் ஒன்று தெளிவாகின்றது. 1965இல் அரசுக்கு இருந்த கெடு நீக்கப்பட்டது. குடிமக்களுக்கு இருந்த கெடுவும் தகுதி விதியும் நீங்கவில்லை. சில இடங்களில் வலுப்பெற்றன. இரண்டையும் தனித்தனியே பார்க்கும்போது ஒவ்வொன்றுக்கும் நியாயம் கூற இயலும். சேர்த்துப் பார்க்கும்போதுதான் சுமை ஒரு பக்கமே சாய்ந்துள்ளமை புலனாகின்றது. காலியிடம் எப்போது நிரப்பப்படும் என்பதைச் சட்டத்திலேயே எழுதிவைப்பின், வாயிலில் நின்று தம் தகுதியை மெய்ப்பிக்கவேண்டிய நிலை எந்த வாக்காளருக்கும் பெரும்பாலும் வாராது. நீதிமன்றத்தின் காலமும் மிஞ்சும். குழுத்தொகுதிகளுக்கும் இத்தகைய கெடு ஏற்றதா என்பது நாடாளுமன்றம் ஆராயவேண்டிய வினா.

இந்திய ஆய்வியல் துறையினரான நமக்கும் இதில் ஒரு பணி உள்ளது. சிங்கப்பூர்த் தமிழர் வரலாற்றைக் கோயில், பள்ளி, இதழ், தொழிற்சங்கம் ஆகியவற்றின் வழியே நாம் எழுதி வந்துள்ளோம். தீர்ப்புத் தொகுப்புகளை நாம் போதிய அளவு படித்தோமில்லை. சட்டத்தை இயற்றிய அமைச்சராகவும், தீர்ப்பளித்த நீதிபதியாகவும், இடம் இழந்த உறுப்பினராகவும், மனு அளித்த துப்புரவுப் பணியாளராகவும் தமிழர் அங்கு இடம்பெற்றுள்ளனர். எழுத்துத் தொழிலுக்கு வெகுதொலைவில் வாழ்ந்த ஒரு பெண்மணியின் பெயர், அரசமைப்புச் சட்டம் கற்கும் சிங்கப்பூர் மாணவர் படித்தாகவேண்டிய வழக்கின் பெயராக நிலைத்திருப்பது அத்தொகுப்புகளில்தான். அவற்றைச் சமூக வரலாற்றுச் சான்றுகளாகப் பயிலும் ஆய்வுகள் தமிழில் மேலும் வெளிவருதல் வேண்டும்.